பால் படாத பிஸ்கட்

பம்பரம் என்பது பேக்கரியில் அவளுக்கு வைத்த பெயர். வைத்தவர் முதலாளி. உட்காரச் சொன்னால் நிற்பாள், நிற்கச் சொன்னால் நடப்பாள். தட்டை ஓவனுக்குள் வைத்துவிட்டுப் பத்து நிமிடம் சும்மா இருக்க வேண்டும் என்றால், அதற்குள் தரையைத் துடைத்து, தராசைத் துடைத்து, முதலாளி உட்கார்ந்திருக்கிற நாற்காலியையும் துடைக்க வந்துவிடுவாள். அவரும் பாவம், எழுந்து நிற்பார்.

பதினெட்டு வருடமாக அங்கே உப்பு பிஸ்கட்டும் சீஸ் பிஸ்கட்டும் அவள் பொறுப்பு. மாவைத் தேய்ப்பாள், அச்சால் வெட்டுவாள், முள்கரண்டியால் குத்துவாள், கடைசியாகப் பிரஷ்ஷால் மேலே பால் தடவி உள்ளே தள்ளுவாள். பால் தடவினால்தான் பிஸ்கட் நன்றாகச் சிவக்கும், மினுங்கும். தூங்கிக்கொண்டே செய்யச் சொன்னாலும் அவள் கை அதைச் செய்யும்.

கணவர் இதற்கு நேர் எதிர். தையல்காரர். ஒரு பட்டனைக் கையில் வைத்துக்கொண்டு அரை மணி நேரம் யோசிக்கிற ரகம். இருவரும் எப்படிக் குடும்பம் நடத்துகிறார்கள் என்று கேட்காதீர்கள். எப்படியோ நடக்கிறது.

அந்த ஞாயிற்றுக்கிழமை காலையிலிருந்தே பம்பரத்துக்கு இருப்புக் கொள்ளவில்லை. மூன்று மணிக்குத் தங்கை வருகிறாள். அடுப்படிக்கும் ஜன்னலுக்கும் இடையே அவள் நடந்த நடையில் தரையே தேய்ந்திருக்கும்.

தங்கை வருவதில் என்ன பதற்றம் என்றால், அது மூன்று வருடக் கதை. தங்கை பால், வெண்ணெய், முட்டை எல்லாவற்றையும் ஒரே நாளில் விட்டுவிட்டாள். கன்றுக்குச் சேர வேண்டியதை நாம் ஏன் பிடுங்க வேண்டும் என்பது அவள் கட்சி. பம்பரத்துக்கு அது சுத்தக் கிறுக்குத்தனமாகப் பட்டது. ஒருநாள் வீடு நிறைய ஆட்கள் இருந்தபோது, வெண்ணெய் போட்ட பிஸ்கட்டைத் தங்கையிடம் நீட்டி, “வெறும் எண்ணெய்தான், சாப்பிடு” என்றாள். தங்கை நம்பி நாலு தின்றாள். ஐந்தாவதை எடுக்கும்போது அக்காவின் வாய் சும்மா இருக்கவில்லை.

“முழுக்க வெண்ணெய்டி. என்ன, உயிரா போயிடுச்சு?”

எல்லாரும் சிரித்தார்கள். தங்கை சிரிக்கவில்லை. கையில் இருந்ததைத் தட்டில் வைத்துவிட்டு எழுந்து போனாள். அதற்குப் பிறகும் வருகிறாள், பேசுகிறாள். ஆனால் அந்த வீட்டில் பச்சைத் தண்ணீர்கூடக் குடிப்பதில்லை. டிபன் டப்பாவும் தண்ணீர் பாட்டிலும் கையோடு வந்துவிடும். தன் வீட்டு மேசையில் அந்த டப்பா திறக்கிற சத்தம் கேட்கும்போதெல்லாம் பம்பரத்துக்குக் கன்னத்தில் அறைந்தாற்போல் இருக்கும். மன்னிப்புக் கேட்கலாம்தான். அந்த வார்த்தை மட்டும் அவள் வாயில் நுழைவதில்லை.

அதனால்தான் போனில் சொன்னாள். “இந்தத் தடவ டப்பா வேண்டாம். பால், வெண்ணெய் எதுவும் படாம சீஸ் பிஸ்கட் பண்றேன்.”

“பாக்கலாம்க்கா” என்றாள் தங்கை.

சொல்லிவிட்டாளே தவிர, சீஸ் இல்லாமல் சீஸ் ருசிக்கு எங்கே போவது? மூன்று வாரம் வீட்டுக் குட்டி ஓவனோடு மல்லுக்கட்டினாள். முதல் தட்டு தலைக்குத் தேங்காய் எண்ணெய் தேய்த்தது போல மணத்தது. இரண்டாவதில் பூண்டுத் தூள் தூக்கலாகிப் போய், அதைத் தின்றுவிட்டுப் போன தையல்காரரிடம் வந்தவர்கள் இரண்டடி தள்ளி நின்று அளவு கொடுத்தார்கள். அப்புறம் யாரோ சொல்லி, மஞ்சள் செதில் செதிலாக ஒரு ஈஸ்ட் வாங்கிவந்தாள். மாவைப் பொங்கவைக்கிற ஈஸ்ட் இல்லை, ருசிக்கு மட்டும் போடுவது. அதோடு முந்திரிப் பொடி, எலுமிச்சைச் சாறு, சிட்டிகை கடுகுப் பொடி. வாசனை இல்லாத தேங்காய் எண்ணெயை ஃப்ரிட்ஜில் கட்டியாக உறையவைத்து மாவில் உதிர்த்தாள். நாலாவது தட்டைக் கடித்ததும் தையல்காரர் வழக்கம்போல் யோசித்தார்.

“இதுல சீஸ் இல்லன்னா நம்ப மாட்டாங்க” என்றார்.

அதுதான் அவளுக்குப் பயமே. நம்ப வேண்டுமே.

ஞாயிற்றுக்கிழமை எல்லாப் பாத்திரங்களையும் இரண்டு தடவை வெந்நீரில் கழுவினாள். புதுக் கட்டை, புது அச்சு, ஒட்டிய மாவைத் தட்டப் புதுப் பிரஷ். மாவைத் தேய்த்தாள், வெட்டினாள், குத்தினாள். மூன்று மணி ஆகப்போகிறதே என்று கண் கடிகாரத்தில், காது வாசலில். தட்டு உள்ளே போனது, வெளியே வந்தது. பிஸ்கட்டுகள் நல்ல பொன்னிறத்தில் மினுமினுத்தன. இதுவரை செய்த எந்தத் தட்டும் இவ்வளவு அழகாக வந்ததில்லை.

தங்கை வந்தாள். டப்பாவும் வந்திருந்தது. அதை மேசையின் ஓரத்தில் வைத்துவிட்டு, தட்டையே பார்த்தாள்.

“நெஜமாவே எதுவும் போடலயாக்கா?”

“நீயே சாப்ட்டுப் பாரேன்.”

தங்கை தயங்கித் தயங்கி ஒன்றை எடுத்தாள். அந்த நேரம் பார்த்து அடுப்படியிலிருந்து தையல்காரர் குரல் வந்தது.

“ஏம்மா, டீக்கு ஒரு கிண்ணம் பால் வச்சிருந்தேனே. பாதியக் காணோம். பிரஷ் வேற உள்ள கெடக்கு.”

பம்பரம் அடுப்படிப் பக்கம் திரும்பினாள். தட்டைப் பார்த்தாள். மற்ற தட்டுகளில் வராத மினுமினுப்பு. பதினெட்டு வருடப் பழக்கம், பாவி கை, தன் பாட்டுக்குத் தடவித் தொலைத்திருக்கிறது. மேலாக ஒரு பூச்சுதான். சொல்லாவிட்டால் யாருக்கும் தெரியாது. தங்கை சாப்பிடுவாள், டப்பா மூடியே இருக்கும், மூன்று வருடம் தீர்ந்துபோகும். பிஸ்கட் தங்கையின் உதட்டுக்கு வந்துவிட்டது.

பம்பரம் எட்டிப் பறித்தாள்.

“சாப்பிடாத. பால் பட்டிருக்கு.”

தங்கையின் முகம் சுருங்கியது. “மறுபடியுமா?”

“தெரிஞ்சு செய்யலடி. கை தானாத் தடவிடுச்சு. பேக்கரின்னு நெனச்சிடுச்சு போல.” பறித்த பிஸ்கட்டைத் தட்டில் போட்டாள். “அன்னைக்குத்தான் தெரிஞ்சே செஞ்சேன். அது தப்பு. ரொம்பப் பெரிய தப்பு.”

தங்கை எழுந்தாள். பையை எடுத்துக்கொண்டு கிளம்பப்போகிறாள் என்றுதான் பம்பரம் நினைத்தாள். ஆனால் தங்கை அடுப்படிக்குப் போனாள்.

“மாவு மிச்சம் இருக்கா?”

ஓரத்தில் வெட்டிய துண்டுகள் ஒரு உருண்டை அளவுக்கு இருந்தன. பம்பரம் கட்டையைக் கழுவித் தேய்த்தாள். வேறு தட்டில் ஏழு பிஸ்கட். கடைசிக் குத்தும் முடிந்ததும் அவள் வலது கை தானாக ஓரத்துக்கு நீண்டது. பிரஷ்ஷும் கிண்ணமும் அங்கே இல்லை. தங்கை இரண்டையும் முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு நின்றாள்.

“பாத்தியா, மறுபடியும் போவுது” என்றாள். சிரிப்பை அடக்கிய குரல். அவள் தயவில் தையல்காரருக்கு அன்று டீயும் கிடைக்கவில்லை.

ஏழும் வெளிறி, மினுப்பில்லாமல் வந்தன. பேக்கரியில் என்றால் முதலாளி அவற்றைக் கண்ணாடி அலமாரியில் அண்டவே விடமாட்டார். தங்கை ஒன்றை ஊதி ஊதித் தின்றாள். பம்பரம் மேசையைத் துடைத்தாள், துடைத்த மேசையையே திரும்பத் துடைத்தாள். தங்கையின் முகத்தைப் பார்க்கத் தைரியம் இல்லை.

“அக்கா, நாலு கட்டி சீஸ் இதுல இருக்க மாதிரி இருக்கு” என்றாள் தங்கை. இன்னொன்றை எடுத்தாள். பிறகு இன்னொன்று.

ஆறாவதை எடுத்துக்கொண்டே, டிபன் டப்பாவை மேசை ஓரத்திலிருந்து தையல்காரர் பக்கம் தள்ளினாள்.

“மாமா, இத நீங்க சாப்பிடுங்க. எனக்கு வயித்துல எடமில்ல. அக்கா, குடிக்கக் கொஞ்சம் தண்ணி குடு.”

பாட்டில் அவள் பைக்குள்தான் இருந்தது. பம்பரம் ஓடிப்போய்ச் சொம்பை எடுத்தாள்.