பிரெஞ்சு நடிகை வீட்டு வேலைக்காரி

விக்ரோரியாவுக்கு நடிப்பு பிழைப்பில்லை, குணம். யாழ்ப்பாணத்துக் கோயில் மேடைகளில் பத்து வருடம் அரசியாக நின்றவள். கொழும்பில் எடுத்த ஒரு படத்தில் மூன்றே காட்சிக்கு வந்து, கதாநாயகனைக் கன்னத்தில் அறைந்துவிட்டுப் போனவள். அகதியாய் வந்து சேர்ந்த டென்மார்க்கின் ஹேர்னிங்கில் அவளுக்கு வாய்த்ததோ பனியன் தைக்கிற மெசின். சரியென்று தைத்தாள்.

1988 இலையுதிர் காலத்தில் ஊர் நாடகக் குழு ஒரு பிரெஞ்சு நடிகையின் கதையைப் போட்டது. துணி வெளுப்பவளின் மகள் பாரிஸ் மேடையைப் பிடித்து, சினிமாவையும் பிடித்து, கடைசியில் படுக்கையில் கிடந்து பிள்ளைகளுக்குக் காத்திருக்கிற கதை. விக்ரோரியா கூசாமல் போய் நடிகை வேடத்தைக் கேட்டாள். குழுவை நடத்திய கிர்ஸ்டன் அதைத் தனக்கே வைத்துக்கொண்டு, இவளுக்கு வேலைக்காரியைக் கொடுத்தாள். ஒரே வசனம்: "பிள்ளைகள் வந்துவிட்டார்கள், மதாம்."

அங்கேதான் இடித்தது. விக்ரோரியாவின் இரண்டு பெண்பிள்ளைகளும் தகப்பனோடு மன்னாரில் இருந்தார்கள். அவர்களைக் கூப்பிட விண்ணப்பம் போட்டு ஒன்றரை வருடம். வரலாம் என்று சட்டம் சொன்னது. கொப்பன்ஹேகனில், நீதி அமைச்சில், கோப்பு அசையவில்லை. ஒத்திகையில் அந்த வசனத்தைச் சொல்லும்போதெல்லாம் பொய்ச்சத்தியம் பண்ணுவதுபோல நாக்குக் கூசியது. மாற்றித் தரச் சொல்லிக் கேட்டாள். "நாடகம்தானே" என்று சிரித்தாள் கிர்ஸ்டன்.

பக்கத்து மெசினில் தைக்கிற நீக்கிலாஸ் அண்ணைக்கு விசயம் மணத்துவிட்டது. அவருடைய மனைவியின் கோப்பும் அங்கேதான் கிடந்தது.

"பிள்ளை, முன்வரிசையிலை நகரசபைப் பெரியாக்கள் இருப்பினம். எழுதினதைச் சொல்லிப்போட்டு இறங்கு. ஏதும் குழப்பினியெண்டால் உன்ர ஃபைலை அடியிலை போட்டிடுவாங்கள்."

"இப்ப எங்கை அண்ணை கிடக்குது, மேலேயோ? ஒண்டரை வருசம் வாய் பொத்திக்கொண்டு இருந்தன். ஒரு கடதாசி வந்ததோ?"

வாய் அப்படிப் பேசிவிட்டு, கோணலாய்த் தைத்த பனியனைப் பிரித்தாள். அவர் சொன்னபடி நடந்தால் போவது பிள்ளைகள் அல்லவா?

நாடக நாள். கிர்ஸ்டன் கட்டிலில் கிடக்க, விக்ரோரியா தேநீர்த் தட்டோடு வந்தாள். கட்டில் பக்கம் போகவேண்டியவள், கூத்துக்காரரின் வழக்கப்படி மேடை விளிம்புக்கே நடந்து, சபையைப் பார்த்து நிமிர்ந்து நின்றாள்.

"பிள்ளைகள் வரவில்லை, மதாம்" என்றாள், அரசிக் குரலில், அழுத்தமான டெனிஷில்.

கிர்ஸ்டனிடம் அதற்கு வசனம் இல்லை. "ஏன்?" என்று மட்டும் கேட்டாள்.

"சட்டம் வரச் சொல்கிறது. அமைச்சர் விடவில்லை. மூத்தவளைக் கடைசியாகப் பார்த்தபோது அவளுக்கு ஆறு வயது. இப்போது ஒன்பது."

முன்வரிசையில் ஒருவர் எழுந்து வெளியே போனார். பின்வரிசையில் நீக்கிலாஸ் அண்ணை ஒற்றை ஆளாய்க் கைதட்டினார்.

திரை விழுந்ததும் கிர்ஸ்டன் முகம் சிவக்க வந்தாள். "நாளைக்கு எழுதியபடிதான் சொல்லவேண்டும்!"

"என் பிள்ளைகள் வரட்டும், சொல்கிறேன்" என்றாள் விக்ரோரியா. அடுத்த நாளும் அதே விளிம்பில் போய் நின்றாள்.