தோற்றால் எவ்வளவு ஆகும்

"செரி சார். இனி ஒரு காரியம் கேக்கணும். கேஸு தோத்தா எம்பிடு ஆவும்?"

அண்ணனின் மனைவி, எங்கள் மைனி, இதைக் கேட்டபோது அவளுடைய மடியில் குழந்தை உறங்கிக்கொண்டிருந்தது. நெய்யாற்றின்கரை கோர்ட்டுக்கு எதிரே, மருந்துக்கடை ஒன்றின் மேல்மாடியில் இருந்த வக்கீலின் அறையில் நாங்கள் நான்கு பேர் இருந்தோம். அப்பாவும் அம்மையும் பெஞ்சில் ஒட்டி உட்கார்ந்திருந்தார்கள். நான் கதவோரம் நின்றுகொண்டிருந்தேன். அம்மை சட்டென்று திரும்பி மைனியைப் பார்த்தாள். அந்தப் பார்வையை நான் அதற்கு முன்பு எங்கள் வீட்டில் கண்டதில்லை. வக்கீல் பேனாவைக் கீழே வைத்தார். அவர் மலையாளத்தையும் தமிழையும் கலந்து பேசுகிறவர். "ஜெயிக்குமான்னு எல்லாரும் கேக்கும். தோத்தா என்னான்னு இதுவரெ ஆரும் கேட்டதில்லா" என்றார்.

அண்ணன் அப்போது சப்-ஜெயிலில் இருந்தான். அவன்மேல் கொலைக் குற்றம்.

காரக்கோணத்துக்குப் பக்கத்தில் எங்கள் வீட்டுக்கும் பக்கத்து வீட்டுக்கும் நடுவில் மழைத்தண்ணீர் போகிற ஒரு ஓடை உண்டு. அந்த வீட்டுக்காரரை நாங்கள் மாமன் என்றும் அவருடைய மனைவியை மாமி என்றும்தான் கூப்பிடுவோம். உறவு ஒன்றுமில்லை, அப்படிப் பழகிவிட்டது. அந்த ஆண்டு இடவப்பாதி என்கிற ஜூன் மாத மழையில் மாமன் ஓடையைக் கல் வைத்து அடைத்தார். தண்ணீர் எங்கள் அடுக்களைக்குள் ஏறியது. அண்ணன் மண்வெட்டியோடு போனான். வாய்ப்பேச்சு முற்றியது. மாமன் சட்டையைப் பிடித்தார், அண்ணன் தள்ளினான். ஓடைக்கரையில் கிடந்த கருங்கல்லில் மாமனுடைய தலை மோதியது. பக்கத்திலேயே மெடிக்கல் காலேஜ் இருந்தும் இரண்டு நாளில் அவர் போய்விட்டார். அண்ணன் மண்வெட்டிப் பிடியால் மாமனின் தலையில் அடித்ததைக் கண்டதாக மாமனின் தம்பி வாக்குமூலம் கொடுத்தார். வழக்கு அதன்மேல்தான் நின்றது.

மைனிக்கு அப்போது கல்யாணம் ஆகி மூன்று ஆண்டு இருக்கும். சிவில் டிப்ளமோ படித்தவள். பாறசாலையில் ஒரு கட்டடக் கான்ட்ராக்டரிடம் வேலை பார்த்தாள். வீடு கட்ட வருகிறவர்களுக்கு எஸ்டிமேட் போட்டுக் கொடுப்பதுதான் அவளுடைய வேலை. எல்லைப் பக்கத்துக் கிராமங்களில் லிண்டல் வரை, ஜன்னல் உயரத்துக்கு எழும்பி, செடி முளைத்து நிற்கிற வீடுகள் நிறைய உண்டு. பஸ்ஸில் போகும்போது அவற்றைக் காட்டி, "இவியளுக்கு அஸ்திவாரத்துலயே காசு தீந்து போச்சு" என்பாள். முன்பின் அறியாதவர்களின் வீட்டைப் பார்த்தும் அவளுக்கு வருத்தம் வரும்.

அண்ணனைக் கொண்டுபோன மறுநாள் முதல் எங்கள் வீட்டில் ஒரே பேச்சுதான். அம்பூரியில் இருந்த ரப்பர் விளையை, அந்தச் சிறு தோட்டத்தை, விற்க வேண்டும், பெரிய வக்கீலைப் பிடிக்க வேண்டும். எங்களுக்கு இருந்த சொத்து அது ஒன்றுதான். சொந்தக்காரர் ஒருவர் திருவனந்தபுரத்தில் பேர்பெற்ற ஒரு வக்கீலிடம் எங்களை அழைத்துப்போனார். அவர் ஒரு தொகை சொன்னார். விளையை விற்றால் ஏறக்குறைய அதே தொகைதான் கிடைக்கும். எதுவரைக்கும் அந்த ஃபீஸ் என்று மைனி கேட்டாள். ஜாமீனுக்கா, விசாரணை முடியும்வரையா, சாட்சிகளை அவரே நேரில் வந்து விசாரிப்பாரா, ஜூனியரை அனுப்புவாரா என்றெல்லாம் கேட்டாள். அவருக்கு அது பிடிக்கவில்லை. "முதலில் இதைக் கட்டுங்கள், மற்றது பிறகு" என்றார். அவர் கெட்ட மனிதர் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் படியிறங்கும்போது மைனி, "மற்றது பெறவுன்னு சொன்னாருல்லா, அந்த மற்றதுக்கு நம்மகிட்ட எதுவும் மிச்சம் இரிக்காது" என்றாள்.

அப்படித்தான் நெய்யாற்றின்கரை வக்கீலிடம் வந்தோம். அவருடைய கேஸ்கள் அதே கோர்ட்டில் தினமும் நடந்தன. முதலிலேயே அவர் ஒன்று சொன்னார். கையில் காசே இல்லாவிட்டாலும் கோர்ட்டே வக்கீல் வைத்துத் தரும், அதில் மானக்கேடு ஒன்றுமில்லை, தன்னை வைத்துத்தான் ஆக வேண்டும் என்றில்லை. மைனி அவர் எதிரே உட்கார்ந்து ஒவ்வொரு கட்டமாகக் கேட்டாள். ஜாமீன் செஷன்ஸ் கோர்ட்டில் கிடைக்காமல் ஹைக்கோர்ட்டுக்குப் போக நேர்ந்தால் எர்ணாகுளத்தில் யார், என்ன ஆகும்? குற்றப்பத்திரிகை வந்த பிறகு என்ன? சாட்சி விசாரணைக்கு மொத்தமாகவா, நாள் கணக்கிலா? குமாஸ்தாவுக்கு எவ்வளவு? வழக்கு எத்தனை தடவை தள்ளிப்போகும், தள்ளிப்போகிற நாளுக்கும் ஃபீஸ் உண்டா? அவர் எரிச்சல்படாமல் பதில் சொன்னார். தெரியாத இடத்தில் தெரியாது என்றார். எல்லாம் முடிந்த பிறகுதான் அவள் அந்தக் கேள்வியைக் கேட்டாள்.

அப்பீலுக்கு எவ்வளவு ஆகும் என்று அவர் சொன்னார். "அதுகூட பிழையும் வரும். அபராதம். மரிச்ச ஆளுக்க குடும்பத்துக்குக் கொடுக்கச் சொல்லி கோர்ட்டு விதிக்கும். கெட்டாட்டா ஜெயில் கூடும்." மைனி தலையாட்டினாள். "அப்போ அதையும் சேத்துத்தான் நாங்க பாக்கணும்."

திரும்பி வரும்போது பஸ்ஸில் அம்மை எல்லாரும் கேட்கும்படி அப்பாவிடம் சொன்னாள். "அவளுக்கு எனக்க மோன் வெளிய வரப்பிடாது. தோக்கியதுக்கு இப்பமே கணக்கு போடுதா பாத்தியளா?" மைனி குழந்தையைத் தோளில் சாய்த்துக்கொண்டு ஜன்னலைப் பார்த்தாள். அன்றிலிருந்து அம்மை அவளோடு பேசவில்லை. ஞாயிறு ஆராதனைச் சபையில் பெண்கள் பக்கத்திலும் பேச்சு பரவியது. புருஷன் ஜெயிலில் கிடக்கிறான், இவள் மண்ணைக் கெட்டிப்பிடித்துக்கொண்டு இருக்கிறாள் என்றார்கள்.

விளை விற்கப்படாமல் நின்றதற்குக் காரணம் அப்பா. அம்மையை மீறி அவர் எதுவும் செய்து நான் கண்டதில்லை. இதில் மட்டும், "அவன் வெளிய வந்தா பால் வெட்டித் திங்க ஒரு மரம் வேணும்லா" என்று சொல்லி அமர்ந்துவிட்டார். அப்பா ரப்பர்ப்பால் விற்ற காசைக் கொடுத்தார், மைனி சம்பளத்தைக் கொடுத்தாள். கல்யாணத்துக்குப் போட்டுவந்த நகையில் தாலியும் கம்மலும் நீங்கலாக மற்றதை அடகு வைத்தாள். அதைக்கூட ஒரே நாளில் வைக்கவில்லை. ஜாமீனுக்கு முன்பு வளையல், குற்றப்பத்திரிகை வந்த பிறகு கழுத்து மாலை. வட்டி ஓடுகிற பணம் பெட்டியில் சும்மா கிடக்கக்கூடாது என்பாள்.

அவளுக்கும் கணக்கு தப்பிய இடம் உண்டு. எர்ணாகுளத்தில் ஜாமீன் கிடைத்தபோது, வழக்கு முடியும்வரை அண்ணன் எங்கள் பஞ்சாயத்துக்குள் கால்வைக்கக் கூடாது என்று நிபந்தனை போட்டார்கள். பாறசாலையில் அவனுக்கு ஒரு அறை வாடகைக்கு எடுக்க வேண்டியிருந்தது. சாப்பாடு வேறு. வாரந்தோறும் ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும், அன்று வேலைக்குப் போக முடியாது. பழக்கமில்லாத இடத்தில் கொலைக் கேஸ்காரனுக்கு யார் வேலை கொடுப்பார்கள்? அவள் ஒதுக்கி வைத்திருந்ததெல்லாம் அதில் கரைந்தது. ஒருநாள் பின்முற்றத்தில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தவள் என்னைப் பார்த்து, "வீட்டுக்குக் கணக்கு போட்டா சிமென்டு வெல மட்டும்தான் மாறும். இதுல மனுசனே மாறிப்போறான் மக்கா" என்று சொல்லிவிட்டு அழுதாள். அண்ணன் அந்த நாட்களில் குடிக்கத் தொடங்கியிருந்தான். எனக்கு அப்போதுதான் டீச்சர் வேலை கிடைத்திருந்தது. அறை வாடகையை நான் கொடுப்பதாகச் சொன்னேன். வேண்டாம் என்று அவள் பாசாங்கு பண்ணவில்லை. "தா" என்றாள்.

விசாரணை நெருங்கியபோது வக்கீல் எங்களைக் கூப்பிட்டார். பிரேதப் பரிசோதனை அறிக்கையில் தனக்கு முழுதாகப் பிடிபடாத ஒரு வரி இருக்கிறது என்றார். அதை வாசித்துச் சொல்ல, பிணப் பரிசோதனை வேலையில் இருந்து ஓய்வுபெற்ற ஒரு டாக்டர் இருக்கிறார். ஆனால் அவருக்குத் தனியாகக் கொடுக்க வேண்டும். சொந்தக்காரர்கள் வேறொன்று சொன்னார்கள். அந்தக் காசுக்குத் திருவனந்தபுரத்துப் பெரியவரை ஒருநாளாவது கொண்டுவந்து கோர்ட்டில் நிறுத்தினால் ஜட்ஜிக்கு ஒரு மதிப்பு வரும் என்றார்கள். மைனி ஒரு இரவு யோசித்தாள். மறுநாள், நகைகளை அடகு வைத்த கடைக்கே போய், தாலியைக் கயிற்றில் கோத்துக்கொண்டு, தாலிச்சங்கிலியைக் கொடுத்து டாக்டருக்குப் பணம் வாங்கினாள்.

அந்த டாக்டர் சொன்னதை வக்கீல் எங்களுக்கு ஒரு தேங்காயைக் கையில் வைத்து விளக்கினார். அசையாத தலையில் அடி விழுந்தால், அடிபட்ட இடத்துக்கு நேர் கீழேதான் மூளையில் காயம் பெரிதாக இருக்கும். ஆள் விழுந்து தலை போய்த் தரையில் மோதினால், மோதிய இடத்துக்கு எதிர்ப்பக்கம் மூளை நசுங்கும். மாமனுக்கு வெளிக்காயம் பின்தலையில், உள்ளே நசுங்கியது முன்பக்கம். அண்ணன் தலையைக் கவிழ்த்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தான். அவன் முதல்நாளிலிருந்து சொன்னதும் அதுதான்: தள்ளினேன், அடிக்கவில்லை.

கோர்ட்டில் சாட்சி விசாரணை நடந்த நாட்களில் ஒரு காரியம் நடந்தது. காரக்கோணம் பஸ் ஸ்டாப்பில் காலையில் நாங்களும் மாமியும் ஒரே பஸ்ஸுக்குத்தான் நிற்போம். மாமி அந்தக் கோடியில், நாங்கள் இந்தக் கோடியில். சர்க்கார் வக்கீல் அவர்களுக்காக வாதாடினாலும் மாமிக்கும் செலவு குறைவில்லை. மாமன் போன பிறகு அவள் முந்திரிக் கம்பெனியில் வேலைக்குப் போனாள், கோர்ட்டுக்கு வருகிற நாளெல்லாம் கூலி போகும். ஒருநாள் அவளை வரச்சொல்லிவிட்டு, விசாரிக்காமலே வழக்கைத் தள்ளிவைத்துவிட்டார்கள். திரும்பும்போது பஸ்ஸில் பெருங்கூட்டம்; வழியில் மைனிக்குப் பக்கத்து இருக்கை மட்டும் காலியானது. அருகில் நின்ற மாமி தயங்கினாள். பிறகு உட்கார்ந்தாள். இறங்குகிற இடம் நெருங்கியபோது மாமி முன்னால் பார்த்தபடியே சொன்னாள், "இன்னைக்கும் வெறுதே போச்சு." மைனி, "எங்களுக்கும் அப்படித்தான் மாமி" என்றாள். அவ்வளவுதான் பேச்சு. நான் பின்னால் கம்பியைப் பிடித்து நின்று அதைக் கேட்டேன்.

பிரேதப் பரிசோதனை செய்த அரசு டாக்டர் கூண்டில் ஏறிய நாள் கோர்ட் நிறைந்திருந்தது. வக்கீல் குரலை உயர்த்தவே இல்லை. அறிக்கையைக் காட்டி ஒவ்வொன்றாகக் கேட்டார். இந்தக் காயம் கருங்கல்லில் விழுந்தால் உண்டாகுமா என்று கடைசியில் கேட்டபோது, உண்டாகலாம் என்றார் டாக்டர். மண்வெட்டிப் பிடியால் அடித்திருந்தால் இப்படி இருக்குமா என்றதற்கு அறிக்கையை மறுபடி புரட்டிப் பார்த்துவிட்டு, சாத்தியம் குறைவு என்றார். நேர்மையான மனிதர். மைனி என் கையைப் பிடித்திருந்தாள். நகம் பதிந்து ரத்தம் கட்டியது.

தீர்ப்பு மலையாளத்தில் வாசிக்கப்பட்டது. கொலை நிரூபிக்கப்படவில்லை. ஆனால் இவன் தள்ளியதால்தான் அந்த மனிதர் இறந்தார், அதற்கான தண்டனை உண்டு. சில ஆண்டு சிறை, அதில் ஏற்கெனவே கிடந்த காலம் கழியும். கூடவே அபராதம், மாமிக்குக் கொடுக்க வேண்டியது. அம்மை வராந்தாவிலேயே சரிந்து உட்கார்ந்துவிட்டாள். ஆயுள் தண்டனை இல்லை என்பது அவளுக்குப் புரியவில்லை, மகன் வீட்டுக்கு வரமாட்டான் என்பது மட்டும் புரிந்தது.

அப்பீல் போகலாம் என்றார் வக்கீல். விடுதலையே கிடைக்க வழியுண்டு, கிடைக்காமலும் போகலாம். அதற்கான பணத்தை மைனி எப்படியோ சேர்த்து வைத்திருந்தாள். ஜெயிலில் அண்ணனைப் பார்க்க நாங்கள் இருவரும் போனோம். கம்பிக்கு அந்தப்பக்கம் அவன் மெலிந்து, ஆனால் தெளிந்த கண்ணோடு நின்றான். குடி விட்டுப்போயிருந்தது.

"அப்பீல் வேண்டாம்" என்றான். "நான் தள்ளினேன். அது நெசமாக்கும். ஓடைய அடச்சாருன்னு ஒரு ஆள நான் தள்ளப்பிடாதுல்லா."

"ஒனக்க அம்மை என்னையாக்கும் சொல்லுவாவ" என்றாள் மைனி.

"சொல்லட்டு. நீ மாமிக்குள்ளதக் கெட்டு. கொறச்சு கூட்டிக் குடுக்க முடியுமெங்கில் குடு."

அபராதத்தைக் கோர்ட்டில் கட்டினாள். மிஞ்சியதில் ஒரு பங்கை எடுத்துக்கொண்டு மாமி வீட்டுப்படி ஏறினாள். மாமி அதை வாங்கவில்லை. "கோர்ட்டு தந்தது போரும். ஒங்க கையிலேந்து எனக்கு வேண்டாம்" என்று கதவைச் சாத்தினாள். மைனி மனம் உடைந்துதான் வந்தாள். ஆனாலும் சொன்னாள், "அவிய செய்யது செரிதான். நான் போயிருக்கப்பிடாது." அந்தப் பணத்தில் அடகிலிருந்த வளையல்கள் திரும்பி வந்தன. கழுத்து மாலை வரவே இல்லை, வட்டியில் முங்கிப்போனது.

இப்போது அண்ணன் அம்பூரி விளையில் தானே பால் வெட்டுகிறான். அவனுடைய மகள் என் பள்ளிக்கூடத்தில் மேல்வகுப்பில் படிக்கிறாள். ஓடை திறந்தே ஓடுகிறது. மாமி எங்களோடு பேசுவதில்லை, பேச வேண்டும் என்று கேட்க எங்களுக்கு வாயும் இல்லை. மைனி சொந்தமாக எஸ்டிமேட் போட்டுக் கொடுக்கிறாள். பெருங்கடவிளையிலிருந்துகூட ஆள் வருகிறது. சில சமயம் வருகிறவர்கள் வீடு கட்டுவதைப் பற்றிப் பேசாமல் தயங்கி நிற்பார்கள். யாருடைய மகனையோ போலீஸ் கொண்டுபோயிருக்கும். நகைப்பொதியை மடியில் வைத்துக்கொண்டு, எந்த வக்கீல், எம்பிடு என்று கேட்பார்கள். அவள் அவர்களை உட்காரவைத்து முதலில் தண்ணீர் கொடுப்பாள்.

அவள் அண்ணனைக் காப்பாற்றினாள் என்று சிலர் இப்போது சொல்கிறார்கள். அவள் அப்படிச் சொல்லிக்கொள்வதில்லை. தண்டனை கிடைத்தது, ஒரு மனிதர் போனது போனதுதான். ஆனால் அந்த வழக்கு எங்களை முழுதாக விழுங்காமல் விட்டதற்கு அவள்தான் காரணம் என்பது எனக்குத் தெரியும். அம்மைக்குத் தெரியுமா என்பது பல காலம் எனக்குத் தெரியாது.

அது தெரிந்தது அண்ணன் விடுதலையாகி வந்த நாளில். மைனி பஸ்ஸில் போய் அவனைக் கூட்டிவந்தாள். அம்மை விடியும் முன்பே எழுந்து மீனும் மரச்சீனிக் கிழங்கும் வைத்திருந்தாள், சோறும் உண்டு. அப்பா, அண்ணன், குழந்தை, நான் எல்லாரும் உட்கார்ந்தோம். மைனி வழக்கம்போல அடுக்களைப் பக்கம் போய்ச் சோற்றுப் பானையைத் தூக்கினாள். அம்மை எழுந்து போய் அவள் கையிலிருந்து பானையை வாங்கினாள். இத்தனை ஆண்டு பேசாத வாய், பேச வேண்டிய வார்த்தை எது என்று தடுமாறியதை நான் பார்த்தேன்.

"நீ இரி மக்கா. நான் வெளம்புதேன்."

மைனி அண்ணன் பக்கத்தில் உட்கார்ந்தாள். அம்மை முதல் கரண்டிச் சோற்றை அவளுடைய தட்டில் வைத்தாள்.