ஓடக்காரன் இல்லாத சுருள்

பாங் வெய்ரு வாத்தியார் ஆராய்ந்த ஓவியங்களில் முக்கால்வாசி உலகத்தில் இல்லாதவை. எங்கள் சீனத்தில் ஆயிரம் வருஷத்துக்கு முன்னால், தாங் அரசர்கள் காலத்தில், சுவரில் தீட்டியது சுவரோடு இடிந்தது. பட்டில் தீட்டியதைத் தீயும் பூச்சியும் தின்றன. மிஞ்சியவை, அவற்றைக் கண்ணால் பார்த்தவர்கள் எழுதிவைத்த ஏடுகள்தான். யார் எந்தக் கோவிலில் எந்த அரக்கனை வரைந்தார், எந்தக் குதிரைக்கு எந்த அரசர் பெயர் வைத்தார் என்பதெல்லாம் அவருக்குத் தலைகீழ்ப் பாடம். கஞ்சி குடிக்கும்போதும் வாய்க்குள் ஒப்பித்துக்கொண்டிருப்பார். சமைக்காத விருந்துக்கு உப்புப் பார்க்கிற மனுஷன் என்று எங்கள் ஊரில் கேலி பேசுவார்கள்.

ஏரிக்கரையில் இருந்த எங்கள் சிறிய அருங்காட்சியகத்தில், வருகிற படம் அசலா நகலா என்று சொல்வது அவர் வேலை. சுருளைப் பிரிப்பதும் சுற்றுவதும் என் வேலை. கெட்டவர் இல்லை. ஆனால் பிடிவாதம் என்றால் அப்படியொரு பிடிவாதம். ஏட்டில் உள்ளபடி படம் இருந்தால் அசல், இல்லாவிட்டால் நகல். இந்தத் தொழிலில் எல்லோரும் அப்படித்தான், முன் ஏர் போன வழியே பின் ஏர். இவர் மற்றவர்களைவிடக் கொஞ்சம் வேகமாக ஓட்டினார்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்தேழாம் ஆண்டு இலையுதிர் காலத்தில் யின் அக்கா வந்தார். ஃபெங் குடும்பத்தில் வாழ்க்கைப்பட்டவர். கணவர் இறந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. நீலத் துணியில் சுற்றி ஒரு சுருளை மடியில் வைத்திருந்தார். ஆறாம் மாதம் பட்டுக்கும் புத்தகத்துக்கும் வெயில் காட்டுகிற நாளில் மட்டும் வெளியே எடுப்பார்களாம். கணவர் பெயரில் அதைக் கொடையாகத் தரவேண்டும், பக்கத்தில் அவர் பெயர் எழுதிய அட்டை இருக்கவேண்டும். வேறொன்றும் அவர் கேட்கவில்லை.

நான் மேசையின் எதிர்ப்பக்கம் நின்று சுருளைப் பிடித்துக்கொண்டேன். வாத்தியார் ஒரு முறை வலமிருந்து இடமாக ஓட்டிப் பார்த்தார். தேநீர் ஆறும் நேரம்கூட ஆகியிருக்காது.

"மாடுங்க ஆத்தைக் கடக்கிற படம். ஏட்டுல இருக்கு," என்றார். "கடைசியில ஒரு ஓடம், அதுல ஓடக்காரன் திரும்பிப் பாக்கறான்னு எழுதியிருக்கு. எங்கே ஓடக்காரன்?"

"ஓடக்காரனை நான் கண்டதில்லை வாத்தியாரே. கல்யாணமாகி வந்த நாளா மாடுங்கதான்."

வாத்தியார் இடது ஓரத்தைக் காட்டினார். அங்கே ஒரு சிவப்பு முத்திரை பாதிதான் இருந்தது. "பாருங்க, முத்திரை பாதி விளிம்புக்கு வெளியே போயிருக்கு. கள்ளப் படம் போட்டவனுக்கு முத்திரை குத்தக்கூட நிதானமில்லை."

"தேநீரைக் குடிச்சிட்டு இன்னொரு தடவை நல்லாப் பாருங்களேன்."

"பாக்கறதுக்கு என்ன இருக்கு அக்கா? கண்ணு ஏமாறும். ஏடு ஏமாறாது."

பிற்கால நகல் என்று அட்டையில் எழுதினார். யின் அக்கா துணியை மடித்தார், சுருளை எடுத்துக்கொள்ளவில்லை. "பொய்யைத் தூக்கிட்டுப் போயி வீட்டுக்காரர் படத்துக்கு முன்னால எந்த மூஞ்சியோட வைப்பேன்? இங்கேயே கிடக்கட்டும்." அசல்கள் இருக்கும் உள்ளறைக்குப் போகாமல், சுருள் வெளியறைக்கு நகல்களோடு போயிற்று. நகல்களைப் புகைப்படம் எடுத்துப் பிலிமை வீணாக்கக் கூடாது என்பதும் வாத்தியார் போட்ட விதிதான்.

அறுபத்தாறாம் ஆண்டுக் கோடையில் கையில் சிவப்புப் பட்டி கட்டிய புரட்சிக்கார இளைஞர்கள் வாசலுக்கு வந்தார்கள். பழையது எதுவும் மிஞ்சக்கூடாது என்று கத்தினார்கள். எங்கள் தலைவர் மியாவ் வெலவெலத்துப்போய் வாத்தியாரைக் கூப்பிட்டார்.

"பசியோட வந்த நாய் சும்மா போகாது. எதையாவது போட்டாத்தான் உள்ளறை தப்பும். என்னத்தைப் போடலாம், நீங்களே சொல்லுங்க."

"நகலுங்க இருக்கே," என்றார் வாத்தியார்.

தானே கைநிறைய அள்ளிக்கொண்டு போய் முற்றத்தில் போட்டார். யின் அக்காவின் சுருளும் அதில் இருந்தது. வந்தவர்கள் கேலிக்கு அவர் தலையில் காகிதக் குல்லாயை மாட்டி, கையில் கழியைக் கொடுத்து, நெருப்பையும் அவரையே கிளறச் சொன்னார்கள். பழம்பட்டு எரிந்தால் தலைமயிர் கருகுகிற நாற்றம்தான் வரும். உள்ளறை தப்பியது, அதை மறுக்க முடியாது. அன்று மாலை அவர் முகத்தில் அவமானம் இருந்தது, வருத்தம் இல்லை. எரிந்தது பொய்தானே என்று நானும் நினைத்தேன்.

எழுபத்தொன்பதில், மேகம் இறங்கிக் கிடந்த ஒரு நாள், வடக்கேயிருந்து ஒருவர் வந்தார். அவரும் ஃபெங் குடும்பம், இளைய கிளை. கொண்டுவந்த சுருள் முழ நீளம்கூட இல்லை.

"தாத்தா காலத்துல அண்ணன் தம்பிக்குள்ள பாகம் பிரிச்சாங்களாம்," என்றார். "வீடு, நிலம், மல்பெரித் தோப்பு எல்லாம் ஆளுக்குப் பாதி. சண்டை முத்திப்போயி இதையும் வெட்டிட்டாங்க. பெரிய துண்டு அண்ணனுக்கு, வால் எங்களுக்கு. வெட்டினது வெக்கம்னு வீட்டுப் பொம்பளைங்க கிட்ட ரெண்டு பக்கமும் சொல்லலை."

நான் பிரித்தேன். ஓர் ஓடம். அதில் ஓடக்காரன் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தான். வலது ஓரத்தில் சிவப்பாக அரை முத்திரை.

வாத்தியார் நாற்காலியைத் தேடினார், அது பின்னால்தான் இருந்தது. எங்கள் பக்கத்தில் பாகம் பிரித்தால் எதையெல்லாம் அறுப்பார்கள் என்று அவருக்குத் தெரியாதா? அவர் வீட்டிலேயே முற்றத்துக்கு நடுவே சுவர் எழுப்பியிருந்தார்கள். அன்றைக்கு யின் அக்காவின் சுருளில் அரை முத்திரையைக் கண்டதும் கத்திதான் ஞாபகம் வந்திருக்கவேண்டும். அவருக்கு ஏடுதான் ஞாபகம் வந்தது. எனக்கு அந்த நிமிஷம் அவரை அடிக்கவேண்டும்போல் இருந்தது, அழுகையும் வந்தது.

வந்தவர் போனபிறகு மியாவ் கதவைச் சாத்தினார். "இதையும் நகல்னு எழுதிடுங்க. யாருக்கு என்ன நஷ்டம்? அசல்னு எழுதினா, அன்னைக்கு எரிச்சதும் அசல்னு ஆகும். இந்த வயசுல அந்தப் பேரைச் சுமக்கணுமா?"

"ஏட்டுல இருக்கறபடியே இருக்கே, தலைவரே," என்றார் வாத்தியார். அசல் என்று எழுதினார்.

அதோடு முடியவில்லை. எரிந்த பெரிய துண்டு இனி எழுத்தில்தான் உயிரோடு இருக்கமுடியும். பழைய காலத்து ஆட்கள் எழுதிவைத்ததுபோல, பார்த்தவர் ஒருவர் எழுதவேண்டும். பார்த்தவர் அவர்தான். தினமும் உட்கார்ந்தார். தாள் வெறுமையாகவே கிடந்தது. கண்ணை மூடினால் ஏட்டின் வரிகள் வந்தனவே தவிர மாடுகள் வரவில்லை. பானையில் இருந்தால்தானே அகப்பையில் வரும்?

"லான், எத்தனை மாடு இருந்துது?" என்று என்னைக் கேட்டார்.

"நான் எதிர்ப்பக்கம் நின்னேன் வாத்தியாரே. எல்லாம் தலைகீழாத்தான் தெரிஞ்சுது. கொம்பும் தண்ணியும் ஞாபகம் இருக்கு. வேற ஒண்ணும் இல்லை."

கடைசியில் யின் அக்காவைப் பார்க்கப் போனார். துணைக்கு நானும் போனேன். அக்கா கிழவியாகிவிட்டிருந்தார், வாசலில் உட்கார்ந்து அவரைக்காய் உரித்துக்கொண்டிருந்தார். வாத்தியார் எதையும் மறைக்கவில்லை. சுருள் அசல், பொய்யென்று எழுதியது நான், எரித்ததும் நான் என்று நின்றபடியே சொன்னார். அக்காவின் கை அவரைக்காயில் ஓடிக்கொண்டே இருந்தது.

"வருஷா வருஷம் வெயில் காட்டுவீங்களே அக்கா. என்ன இருந்துதுன்னு சொல்லுங்க, அப்படியே எழுதிக்கறேன். அவர் பேரையும் போடறேன்."

"பொய்னு சொன்னது நீங்க," என்றார் அக்கா. குரலில் கோபமே இல்லை. "அவங்க பரம்பரையே ஒரு பொய்யைக் கட்டிக் காத்துதேன்னு எனக்கு ராத்தூக்கம் போச்சு. கண்ணுக்குள்ள அந்த மாடுங்க வந்துக்கிட்டே இருந்துது. மறக்கணும் மறக்கணும்னு பாடுபட்டேன் வாத்தியாரே. மறந்துட்டேன்."

திரும்பும் வழியில் அவர் வாய் எதையும் ஒப்பிக்கவில்லை. மறுநாள் சின்னத் துண்டுக்கான அட்டையில் யின் அக்காவின் கணவர் பெயரையும் சேர்த்து, கீழே எழுதினார்: "வலப்பகுதி என்னிடம் வந்தது. நான் அதைப் பார்க்கவில்லை. எரித்துவிட்டேன். பாங் வெய்ரு." அந்தக் குளிர்காலத்தில் சளி கட்டி இறந்துபோனார்.

துண்டு இப்போது கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்கிறது. ஓடக்காரன் எதைத் திரும்பிப் பார்க்கிறான் என்று பார்க்க வருகிறவர்கள் கேட்கிறார்கள். மாடுகளை என்று சொல்கிறேன். எப்படிப்பட்ட மாடுகள் என்று கேட்டால் கீழே உள்ள அட்டையைக் காட்டுகிறேன்.