முகம் காட்டாத பேட்டி

மகள் இரண்டு டிக்கெட் எடுத்துவிட்டுத்தான் என்னிடம் சொன்னாள். ஆவணப் படங்கள் எடுக்கும் ஜெர்மன் அம்மா ஒருவர், நாற்பது வருடப் படங்களோடு ரொறொன்ரோவுக்கு வருகிறாராம்.

"அப்பா, நீங்கள் இருந்த கேம்ப்பைப் பற்றின படமும் போடினம். கட்டாயம் வரவேணும்."

தலையாட்டினேன். 

ஜெர்மனியில் நாங்கள் இருந்த அந்த அகதி விடுதிக்கு அங்கத்தைய ஊர்க்காரர் நெருப்பு வைத்தபோது எனக்கு இருபத்திரண்டு வயது. அறைத்தோழனின் கால் மாவுக்கட்டில் இருந்தது. அவனை நான் தோளில் சுமந்து இறக்கினேன் என்பது எங்கள் வீட்டுக் கதை. பிறந்தநாள் விழாக்களில் மனைவிதான் சொல்லுவாள். கல்யாணம் பேசிய காலத்தில் யாரோ அவளுக்குச் சொல்லியிருந்தார்கள். மறுக்க எனக்குக் கூச்சம். அந்தக் கூச்சத்திலேயே இருபத்தைந்து வருடம் போய்விட்டது. உண்மையில் நான் பின்படியால் தனியே ஓடினேன். அவனை இறக்கியவர்கள் தீயணைப்பு வீரர்கள்.

அதை, அப்போது படமெடுக்க வந்த அந்த அம்மாவின் கமெராவுக்கு மட்டும் சொல்லியிருந்தேன். அகதி வழக்கு நடந்ததால் முகம் வேண்டாம் என்றேன். கைகளை மட்டும் எடுத்தார். ஒரு கேள்வி கேட்பார். பிறகு பேசாமல் இருப்பார், கமெரா ஓடும். அந்த மௌனத்தைத் தாங்க முடியாமல்தான் சொன்னேன்.

மார்க்கம் நகரில் எங்கள் வீட்டிலிருந்து மகள் காரோட்டினாள்.

"அவ முதல் படமெடுத்தது தன்ர அப்பாவை, தெரியுமோ? உலக யுத்தத்தில என்ன செய்தனீங்கள் எண்டு நேரா கேட்டவ. பிறகு ஊர்ச்சனம், பிறகு கிழக்கு மேற்கு ஜெர்மனியைப் பிரிச்ச மதில் விழுந்து வேலை போன ஆக்கள். ஃபுல் கரியரும் அதே கேள்விதான்."

"தகப்பன் கோவிக்கேல்லையோ?"

"லைக், ஏன் கோவிக்கவேணும்?"



திரையில் என் குரலுக்கு மேலே ஜெர்மன் குரல் ஒன்று ஏறியிருந்தது. கீழே ஆங்கில வரிகள், நான் பின்படியால் தனியே ஓடியதைச் சொல்லிக்கொண்டு. யாருக்கும் தெரியாது என்று மூச்சு விட்டேன். ஆனால் அந்தக் கைகள் ஒரு பஸ் டிக்கெட்டை விசிறிபோல மடித்துக்கொண்டிருந்தன. எந்தத் துண்டு கிடைத்தாலும் நான் அப்படித்தான் மடிப்பேன். எங்கள் காரின் கப் ஹோல்டர் நிறைய அவைதான். மகள் திரையைப் பார்த்தாள். பிறகு என் மடியைப் பார்த்தாள். அங்கேயும் என் கைகள் அன்றைய டிக்கெட்டை மடித்துக்கொண்டிருந்தன.

படம் முடிந்ததும் அந்த அம்மா கைத்தடியோடு வாசலில் நின்றார். நான் கூட்டத்துக்குள் குனிந்து வெளியேறினேன்.

கார் தரிப்பிடத்தில் மகள் வண்டியை எடுக்கவில்லை.

"அப்பா, அது உங்கட கை."

"ஓம்."

"அப்ப அவரைத் தூக்கினது?"

கேட்டுவிட்டுப் பேசாமல் இருந்தாள். அன்று பின்னேரம் அந்த அம்மாவின் படத்தில் பார்த்துப் பழகிய வித்தை.

"நான் தூக்கேல்லைப் பிள்ளை."

அவள் இன்னும் பேசவில்லை. கோபமா என்று முகத்தில் தெரியவில்லை. சாவி அவள் கையிலேயே இருந்தது.

"அவன் என்னைக் கூப்பிட்டவன்," என்றேன். "எனக்குக் கேட்டது."

அதை நான் கமெராவுக்கும் சொல்லியிருக்கவில்லை.