ஸ்டேடியத்துக்குள் எழுபது கஜம்

சின்னேரிப்பாளையத்துக்கு வெளியூர்க்காரர் யாராவது வந்து ஸ்டேடியம் எங்கே என்று கேட்டால் நான் பாவடிக்கு வழி சொல்வேன். பாவடி எங்கே என்று கேட்டால் ஸ்டேடியத்துக்கு வழி சொல்வேன். இரண்டும் ஒரே இடம் என்பது அவர்கள் போய்ச் சேர்ந்து முழித்த பிறகுதான் தெரியும். அது அப்படி ஆனதற்கு எங்கள் பக்கத்து வீட்டு நாயகியக்கா காரணம்.

முழுப்பெயர் தெய்வநாயகி. வயது நாற்பதைத் தொட்டிருக்கும். ஒல்லியான ஆள், குரல் மட்டும் இரண்டு ஆளுக்கு இருக்கும். வீட்டில் இரண்டு கைத்தறி. ஒன்றில் அக்கா, மற்றதில் அவர் வீட்டுக்காரர் சரவணமுத்து. நூலைத் தறியில் ஏற்றுவதற்கு முன்னால் அதை நீளமாக இழுத்துக் கட்டி, கஞ்சி தடவி, காலை வெயிலில் காய வைக்க வேண்டும். அதுதான் பாவு. அக்காவின் பாவு எழுபது கஜம். அதை நீட்டுவதற்கென்றே தறிக்காரர் தெருவுக்குப் பின்னால் காலங்காலமாகக் கிடந்த பொட்டல்தான் பாவடி. விடிந்ததும் போட்டால் எட்டு மணிக்குள் சுருட்டிவிடலாம். அப்புறம் நாள் முழுக்க அது சும்மா கிடக்கும். நாங்கள் கோலி ஆடலாம், கழுதை புரளலாம், யாரும் கேட்கமாட்டார்கள்.

வருஷா வருஷம் மே மாதம் அங்கே கபடிப் போட்டி நடக்கும். சவுக்குக் கம்பம் நட்டு, பலகை அடித்து, மூன்று நாளைக்குக் கேலரி நிற்கும். நான்காம் நாள் காலையில் அதைப் பிரித்து வண்டியில் ஏற்றிப் போய்விடுவார்கள். ஐந்தாம் நாள் பாவு.

அதனால்தான் அந்தத் தப்பு நடந்தது. எழுபத்தெட்டாம் வருஷம் விளையாட்டுக் கழகத் தலைவர் மருதாசலம் ஒரு காகிதத்தோடு எங்கள் தெருவுக்கு வந்தார். அவருக்கு ஐந்து லாரி, தோட்டம், வெள்ளை வேட்டி எல்லாம் உண்டு. காகிதத்தில் "பாவடியில் கேலரி அமைக்க ஆட்சேபணை இல்லை" என்று எழுதியிருந்தது. தெருவில் பதினோரு தறிக்காரர் வீடு. பதினோரு ஆம்பிளைகளும் சந்தோஷமாகக் கையெழுத்துப் போட்டார்கள். முதல் கையெழுத்து சரவணமுத்து. கேலரி என்றால் சவுக்குக் கம்பம் என்பதைத் தவிர அவர்களுக்கு வேறு எதுவும் தெரியாது.

அடுத்த வருஷம் குழி தோண்ட ஆரம்பித்தார்கள்.

"ஏனுங்க, சவுக்குக் கம்பத்துக்கு இத்தனை ஆழமா தோண்டுவாங்க?" என்றார் அக்கா.

"பெரிய கேலரியாட்ட இருக்குது" என்றார் சரவணமுத்து, தறியில் இருந்து தலையை எடுக்காமல்.

மூன்றாம் நாள் கம்பியும் சிமெண்டும் வந்து இறங்கின.

"கம்பி வந்துருச்சுங்க. இதைய நாலாம் நாளு ஆருங்க பிரிச்சு எடுத்துட்டுப் போவாங்க?"

சரவணமுத்து தறியை நிறுத்தினார். அன்று மத்தியானம் அவர் வீட்டில் சோறு மிஞ்சியது.

அக்கா பேரூராட்சி அலுவலகத்துக்குப் போனார். அங்கே ஈ.ஓ. என்கிற செயல் அலுவலர் தெற்கத்திக்காரர், பொறுமையானவர். எதைக் கேட்டாலும் முதலில் கண்ணாடியைத் துடைப்பார்.

"ஊருக்குப் பெருமைம்மா. அகில இந்திய டீம் எல்லாம் இங்கே வரப்போகுது. டீக்கடை வரும், லாட்ஜ் வரும், சைக்கிள் ஸ்டாண்ட் வரும். போட்ட பணம் தானா திரும்பிடும்."

"எனக்கு லாட்ஜு வேண்டாமுங்க. எழுபது கஜம் ஓணும். காத்தால ரெண்டு மணி நேரம்."

"மைதானம்தான் உள்ளே அப்படியே இருக்கே."

"செவுத்துக் குழிக்குக் குழி அம்பது கஜந்தானுங்க இருக்குது."

"அப்போ பாவை ஐம்பதா நீட்டிக்குங்க."

அக்கா சிரித்துவிட்டாராம். ஐந்து பாவில் முடிகிற வேலைக்கு ஏழு பாவு ஆகும். ஒவ்வொரு பாவு ஏற்றும்போதும் பழைய நூலின் முனையோடு புதிய முனையை ஒன்றொன்றாகத் திரித்துச் சேர்க்க வேண்டும். ஆயிரத்து ஐந்நூறு இழை. அன்றைக்கெல்லாம் தறி நிற்கும், அடுப்பும் பாதி நிற்கும். எட்டாவதோடு படிப்பை விட்ட எனக்கே இந்தக் கணக்கு புரியும். ஈ.ஓ.வோ பி.ஏ.

சுவர் எழுந்தது. மேற்கே ரோட்டுப் பக்கம் இரும்புக் கேட். கிழக்கே எங்கள் தெருப் பக்கம் மொட்டைச் சுவர். வீட்டு வரி பன்னிரண்டு ரூபாயில் இருந்து பதினெட்டானது.

எண்பதாம் வருஷம் முதல் போட்டி. கோயமுத்தூர்ப் பக்கத்து மில் டீம் இரண்டு, ஒரு போலீஸ் டீம், சென்னையில் இருந்து ஒரு பேங்க் டீம். இவர்களுக்கு ஆடுவதுதான் உத்தியோகம். மில் சம்பளப் பட்டியலில் பேர் இருக்கும், ஆள் கபடிக் கோட்டில் இருப்பார். ரயில் சார்ஜ், சேலத்தில் ரூம், தினப்படி, ஜெயித்தால் பரிசு. அதெல்லாம் கழகம் கொடுக்கும். அதற்காகப் பெஞ்சு இரண்டு ரூபாய், நாற்காலி ஐந்து ரூபாய் என்று கழகம் சீட்டு விற்கும். சுவர், லைட், கரண்ட் பில் எல்லாம் பேரூராட்சி. மைதானத்துக்குக் கழகம் கட்டிய குத்தகை வருஷத்துக்கு நூற்றியோரு ரூபாய். ஒரு நாள் சோடாக் கடை வியாபாரமே அதைவிட அதிகம்.

"சீட்டு விக்கறது அவுரு, செவுரு கட்டுனது நாம" என்றார் அக்கா, எங்கள் வாசலில் நின்று என் அம்மாவிடம். அவ்வளவுதான் சொன்னார். எனக்கு அது போதுமானதாக இருந்தது.

போட்டி அன்று காலையில் கேட்டுக்குப் பக்கத்துச் சுவரில் சுண்ணாம்பில் முழ எழுத்தில் இப்படி எழுதியிருந்தது: "வீட்டு வரி கட்டியவர்களுக்கு அனுமதி இலவசம்." யார் எழுதினார்கள் என்று தெரியாது என்றுதான் இன்றுவரை சொல்லி வருகிறேன்.

சாயங்காலம் ஊரே வரி ரசீதோடு வந்து நின்றது. சிலர் மூன்று வருஷத்து ரசீதைக் கொண்டுவந்து மூன்று பேரை உள்ளே விடச் சொன்னார்கள். கெங்கவல்லியில் இருந்து மாமியார் வீட்டுக்கு வந்திருந்த ஒரு மாப்பிள்ளை மாமனார் ரசீதைக் காட்டினார். மருதாசலத்துக்கு முகம் கறுத்துப்போனது.

"ஆரு எழுதுனது இது? ஏம்மிணி, நீயா?"

வரிசையில் முதல் ஆளாக ரசீதை நீட்டிக்கொண்டிருந்த அக்கா அசையவில்லை. "எழுதியிருக்குதுங்களே, தலைவரே."

"எழுதுனது நாங்க இல்ல!"

"செவுரு உங்குளுதுன்னு நெனச்சுட்டனுங்க. உங்குளுதில்லீன்னா பின்ன ஆருதுங்க?"

கூட்டம் ஓவென்று சிரித்தது. போலீஸ் டீமே வந்து கூட்டத்தை விலக்க வேண்டியதாயிற்று. முந்நூறு பேருக்கு மேல் சீட்டு இல்லாமல் உள்ளே போய்விட்டார்கள். எழுதச் சொன்னது அக்காதான் என்று ஊர் முழுக்கப் பேச்சு. ஒரு வாரம் ஈ.ஓ. ஆபீஸ் பியூன் வந்து வந்து விசாரித்தார். என் சட்டைக் கையில் சுண்ணாம்பு இருந்ததை அக்கா முதல் நாளே பார்த்திருந்தார். யாரிடமும் மூச்சு விடவில்லை. என்னிடமும்கூட.

அடுத்த வருஷம் மில் டீம்கள் தொகையைக் கூட்டிக் கேட்டன. பேங்க் டீம் வரவே இல்லை. பெரிய டீம் இல்லையென்றால் கூட்டம் இல்லை, கூட்டம் இல்லையென்றால் அடுத்த முறை பெரிய டீம் இல்லை. மூன்று நாள் போட்டி இரண்டு நாளானது. மீதி முந்நூற்று அறுபத்துமூன்று நாளும் விளையாடியது எங்கள் ஊரில் ஆடு மேய்க்கும் சென்னியம்மாளின் ஆடுகள்தான். அவற்றுக்கு முக்கியப் பிரமுகர்கள் உட்காரும் படிதான் பிடித்திருந்தது. அங்கே நிழல்.

பாவு என்னானது? ராசிபுரம் ரோட்டு ஓரத்துக்குப் போனது. விடியக்காலையில் பஸ் வருவதற்குள் முடிக்க வேண்டும். இந்தப் பக்கம் ஒரு ஆள், அந்தப் பக்கம் ஒரு ஆள், வண்டி வந்தால் துண்டை வீசிக் கத்த வேண்டும். எண்பத்திரண்டு மாசியில் பனி மூட்டத்தில் ஆழ்துளைக் கிணறு போடும் ஒரு ரிக் வண்டி கத்தலைக் கேட்கவில்லை. பாவின் ஒரு முனை டயரில் சிக்கி, பாதித் தூரம் இழுபட்டுப் போய் அறுந்தது. சரவணமுத்து ரோட்டு நடுவில் உட்கார்ந்துவிட்டார்.

அக்கா உட்காரவில்லை. எழுபது கஜ நூலையும் மண்ணோடு அள்ளி, கூடையில் போட்டு, தலையில் வைத்தார். நான் போய் ஒரு பக்கம் பிடித்தேன்.

"அழுவறயாடா?"

"பனிக்கா."

"செரி, பனி தொடச்சுட்டு வா. ஈ.ஓ. ஆபீசு பலகையில என்னமோ ஒட்டியிருக்குதாமா. படிச்சுச் சொல்லு."

ஒட்டியிருந்தது ஏல அறிவிப்பு. சந்தைச் சுங்கம், சைக்கிள் நிறுத்தம், புளியமரம், கடைசியாக விளையாட்டு அரங்கம், ஏப்ரல் முதல் ஒரு வருஷக் குத்தகை. நிபந்தனைகள் ஒன்பது. நான் ராகம் போட்டு வாசித்தேன். ஏழாவதில் அக்கா கையைக் காட்டினார்.

"அதைய இன்னொருக்கா படி, சாமி."

"பேரூராட்சி வரி பாக்கியை ஏலம் தொடங்கும் முன் செலுத்தாதவர்கள் ஏலம் கேட்கத் தகுதியற்றவர்கள்."

"இன்னொருக்கா."

மூன்றாம் முறை முடித்ததும் கூடையைத் தூக்கிக்கொண்டு நேராகத் தெருவுக்குப் போனார். பதினோரு வீட்டிலும் ஏறி இறங்கினார். "செவுத்துக்குக் கையெழுத்துப் போட்டது ஆம்பளைங்க. அதைய மீட்டறது நாம" என்று ஒவ்வொரு வீட்டிலும் அதே வார்த்தை. வீட்டுக்கு இருபத்தைந்து ரூபாயும் ஒரு வரி ரசீதும் கேட்டார். முத்தாயம்மாள் மட்டும் "தோத்துட்டா?" என்றாராம். "அடுத்த வருசமும் கேப்பேன். அதுக்கடுத்த வருசமும் கேப்பேன்" என்றாராம் அக்கா.

ஏலத்தன்று மருதாசலம் சைக்கிள் ஸ்டாண்ட் ஏலம் முடிகிற நேரம் பார்த்துத்தான் வந்தார். அரங்கத்தை அவரைத் தவிர யாரும் கேட்டதில்லை. உட்காராமலே "நூத்தியொண்ணு" என்றார்.

"நூத்தி ரெண்டுங்க."

எல்லாரும் திரும்பினார்கள். கதவோரம் அக்கா, பின்னால் பத்துப் பெண்கள்.

மருதாசலம் சிரித்தார். "ஏம்மிணி, கபடி ஆடப் போறீங்களா?"

"ஆடுனா என்னங்க? உங்க டீமுக்கு ஆளு கொறையுதுன்னு சொன்னாங்க."

நூற்றைம்பது. இருநூறு. இருநூற்று எழுபத்தைந்து என்றார் அக்கா. வசூலாகி அவர் மஞ்சள் பையில் இருந்தது அவ்வளவுதான். மருதாசலம் "ஐந்நூறு" என்று சொல்லிவிட்டு வேட்டியைச் சரிசெய்தார்.

அக்கா மேசைக்குப் போய் ரசீதுகளை வரிசையாக அடுக்கினார். "ஏழாவது நிபந்தனைங்க, ஐயா. பதினோரு ஊட்டு ரசீது இருக்குது. அவுரு ரசீதையும் பாத்துருங்க."

ஈ.ஓ. கண்ணாடியைத் துடைத்தார். கழற்றி மறுபடியும் துடைத்தார். லாரி ஷெட்டுக்கு இரண்டு வருஷ வரி பாக்கி. அது ஆபீசிலும் ஊரிலும் எல்லாருக்கும் தெரியும். கேட்கத்தான் ஆள் இல்லை.

"இப்பவே கட்டிப் போடறனுங்க" என்றார் மருதாசலம், பையில் கையை விட்டு.

"ஏலம் தொடங்கறதுக்கு மின்ன கட்டியிருக்கோணும்னு போட்டிருக்குதுங்க" என்றார் அக்கா. நான் படித்ததைவிட அவருக்குத் தெளிவாக ஞாபகம் இருந்தது. பின்னால் நின்ற பத்துப் பேரும் மேசையைச் சுற்றி நின்றுகொண்டார்கள். அரங்கத்துக்குப் போட்ட பணத்துக்கு வரவு எங்கே என்று தணிக்கைக்காரர்கள் ஏற்கெனவே ஈ.ஓ.வைக் குடைந்துகொண்டிருந்தார்கள். இன்னொரு கேள்வியைத் தாங்க அவருக்குத் தெம்பில்லை.

"இருநூற்று எழுபத்தைந்து, மூன்றாம் தரம்" என்றார்.

சாவி கிடைத்துவிட்டது. ஆனால் சாவியால் ஐம்பது கஜம் எழுபது ஆகிவிடாது. கிழக்குச் சுவரில் வழி விட்டால்தான் உள்ளே ஐம்பது, தெருவில் இருபது என்று பாவை நீட்ட முடியும். ஈ.ஓ. முடியாது என்றார். எஸ்டிமேட், மேலிடத்து அனுமதி, இஞ்சினியர். அக்கா தலையாட்டிவிட்டு வந்து சும்மா இருந்தார்.

பத்தாம் நாள் மருதாசலமே எங்கள் தெருவுக்கு வந்தார். மே மாதப் போட்டிக்கு நோட்டீஸ் அடித்தாகிவிட்டது, மில் டீமுக்கு முன்பணம் போய்விட்டது.

"வாடகை எத்தனைன்னு சொல்லும்மிணி."

"வாடகை வேண்டாமுங்க, தலைவரே. சாயங்காலம் பூராவும் நீங்களே வெச்சுக்குங்க. கெழக்குச் செவுத்துல எட்டடிக்கு ஒரு வழி. உங்க செலவுல."

"அது சர்க்காரு செவுரு. நா எப்படி ஒடைக்கறது?"

"கட்டறப்ப எப்படிக் காயிதம் வாங்குனீங்களோ அப்படியேதானுங்க."

அவர் கிழக்குச் சுவரைத் திரும்பிப் பார்த்தார். பிறகு தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டுப் போனார். எந்தக் கதவைத் தட்ட வேண்டும் என்று அவருக்குத் தெரியும். பன்னிரண்டே நாளில் அனுமதி வந்தது. காகிதத்தில் அதற்குப் பேர் "விளையாட்டு வீரர்கள் நுழைவாயில்."

போட்டி நாள் காலையில் மில் டீம் பயிற்சிக்கு வந்தபோது உள்ளே இடம் இல்லை. நுழைவாயில் வழியாகத் தெருவில் இருந்து பாவு வந்து, கபடிக் கோட்டைத் தாண்டி, மேற்குச் சுவர் வரைக்கும் போயிருந்தது. அக்கா கஞ்சி தடவிக்கொண்டிருந்தார்.

"என்னங்க இது?" என்றார் ஒரு ஆட்டக்காரர். மலை மாதிரி ஆள்.

"நீங்க எங்கீங்க வேலை?"

"மில்லுலங்க."

"என்ன மில்லு?"

"நூல் மில்லுங்க."

அக்கா அவரை மேலும் கீழும் பார்த்தார். "அப்ப இதையப் பாத்ததே இல்லீங்களா, சாமி? செரி, அந்த முனைக்கழியைப் புடிங்க. காத்து வருது. எட்டு மணிக்குச் சுருட்டிருவேன், அப்பறம் ஆடுங்க."

அந்த ஆள் பிடித்தார். ஆடுவதற்குச் சம்பளம் வாங்குகிறவர் ஒரு பாவைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நின்றதை நான் கேலரி உச்சியில் ஆடுகளோடு உட்கார்ந்து பார்த்தேன். அக்கா அங்கிருந்தே கத்தினார்.

"டேய், சுண்ணாம்பு வாத்தியாரே! எறங்கி வாடா. இழை ஒட்டுது, பிரிச்சுடு."

இரண்டு வருஷம் கழித்து வந்த விசாரணை அது. நான் இறங்கினேன்.