அப்பாவுக்காக அமுக்கிய மெத்தை

எழுபதுகளின் கடைசி. தையில் எனக்குக் கல்யாணம் என்று நிச்சயமாகியிருந்தது. ஆவணியில் அப்பாவுக்கு வாதம் வந்து வலப்பக்கம் விழுந்துவிட்டது. காரைக்கால் ஆஸ்பத்திரியில் கொஞ்ச நாள் வைத்திருந்து, இனி வீட்டிலேயே பார்த்துக்கொள்ளுங்கள் என்று எங்கள் ஊர் குரும்பகரத்துக்கு அனுப்பிவிட்டார்கள். கோரைப்பாயில் பழைய புடவைகளை மடித்துப் போட்டுக் கிடத்தினோம். முதுகில் புண் வந்தது. திருப்பிப் போடும்போதெல்லாம் அப்பா பல்லைக் கடித்துக்கொண்டு கிடப்பார். ஒரு வார்த்தை வையமாட்டார். வைதிருந்தால் எனக்குத் தேவலை.

அதே கூடத்து மூலையில் என் சீர் மெத்தை சுருட்டிக் கயிறு கட்டி நின்றது. நல்லாயிருந்த காலத்தில் அப்பாவே கடையில் பக்கத்தில் உட்கார்ந்து தைக்க வைத்து வாங்கி வந்த இலவம்பஞ்சு மெத்தை. அதில் அவரைப் படுக்க வைத்தால் என்ன என்று கேட்டேன். அம்மா என்னை அடிக்காத குறை.

"சீர் மெத்தையில நோவுக்காரர படுக்கப் போடுறதா? மாப்ள வீட்டுக்குத் தெரிஞ்சா நம்ம வாசப்படி மிதிப்பாங்களா? பொண்ணு மாப்ளைக்கு முன்ன அதுல யாரும் படுக்கக் கூடாதுடி."

ஊர் சாஸ்திரமெல்லாம் தெரிந்தவளுக்குப் புருஷன் முதுகு தெரியவில்லையே என்று எனக்கு ஆத்திரம் வந்தது. என்றாவது மனம் மாறுவாள், அதுவரை மெத்தையையாவது பழக்கி வைப்போம் என்று நினைத்தேன். சம்பா நடவுக்கு அவள் வயலுக்குப் போனதும் உள்ளறையில் அதை விரித்துப் படுத்துப் பார்த்தேன். புதுப் பஞ்சு நடுவில் மேடாக நின்றது. நானே உருண்டு தரையில் விழுந்தேன். ஒரு பக்கம் விளங்காத மனுஷன் இதில் எப்படிக் கிடப்பார்? அன்றிலிருந்து மதியமெல்லாம் அதன்மேல் புரண்டேன், முழங்காலால் அமுக்கினேன், முஷ்டியால் குத்தினேன். அம்மா வருவதற்குள் சுருட்டிக் கட்டிவிடுவேன்.

ஒருநாள் மழை பிடித்துக்கொண்டதில் அவள் சீக்கிரம் திரும்பிவிட்டாள். மெத்தையில் மல்லாந்து கிடந்த என்னைப் பார்த்தாள்.

"அவ்வளவு அவசரமாடி ஒனக்கு? அப்பன் இப்புடிக் கெடக்குறப்ப?"

எனக்கு உடம்பெல்லாம் கூசியது. "அப்பாவுக்குத்தாம்மா அமுக்குறேன். மேடா இருக்கு, அவரு உருண்டுருவாரு" என்றேன்.

அம்மா ஈரப் புடவையைப் பிழிந்தபடி நின்றாள். பிறகு மாற்றுப் புடவை கட்டிக்கொண்டு வந்து, "ஒன் கனத்துக்கு இது எந்தக் காலத்துல அமுங்கும்? தள்ளிப் படு" என்றாள். அவள் படுத்ததும் பஞ்சு இறங்கியது. இரண்டு பேரும் ஆளுக்கொரு பக்கமாகப் புரண்டோம். அவளுக்குச் சிரிப்பு வந்தது, அப்புறம் அழுகை வந்தது.

ஐப்பசியில் மெத்தை பதமாகிவிட்டது. இன்றைக்கே மாற்றிவிடலாம் என்றேன். அம்மா காலண்டரைப் பார்த்தாள். "இன்னைக்கு அஷ்டமி, நாளைக்கு நவமி. தசமியில மாத்திடுவோம், அவருக்கும் நல்லது."

நவமியன்று காலையில் பாயிலேயே அப்பா போய்விட்டார். பாயிலிருந்து மெத்தைக்கு மாற்ற நாள் பார்த்த வீடு எங்கள் வீடு.

துக்க வீட்டில் வருஷத்துக்குள் கல்யாணத்தை முடித்துவிட வேண்டும் என்று ஆளாளுக்குச் சொன்னதில், தையில் நின்றது வைகாசியில் நடந்தது. சீரோடு மெத்தையும் வந்தது. மறுநாள் காலையில் என் புருஷன் சோம்பல் முறித்தபடி, "புது மெத்தைன்னா ஒரு மாசத்துக்கு முதுகு வலிக்கும்னு பயந்தேன். இது என்னமோ படுத்ததும் தூக்கம் வந்துட்டுது" என்றார்.

நல்ல மனுஷர், ஒரு பாவமும் அறியாதவர். அந்த நிமிஷம் அவரை எனக்குக் கண்ணால் பார்க்கப் பிடிக்கவில்லை.