மெயின் அருவியில் ஒரு மைக் டெஸ்ட்

புளூடூத் ஹெட்செட் சிப்பில் சுற்றுப்புறச் சத்தத்தை வடிகட்டும் செட்டிங்கை இலஞ்சி வீட்டில் உட்கார்ந்து ஒரு வாரமாக மாற்றிக்கொண்டிருக்கிறேன். ஃபேன் சத்தத்தை வைத்து எவ்வளவுதான் சோதிப்பது? இன்று குற்றாலத்துக்கே போய்விட்டேன்.

மறுமுனையில் கேட்டுச் சொல்ல ஓர் ஆள் வேண்டும். போனில் இருந்த பெயர்களையெல்லாம் தள்ளித் தள்ளிப் பார்த்தேன். யாரையும் கூப்பிடத் தோன்றவில்லை. கடைசியில் பஜாரில் சிப்ஸ் கடை அக்காவிடம் விஷயத்தைச் சொல்லி நம்பர் வாங்கிக்கொண்டு, மெயின் அருவிப் பக்கம் போய் அழைத்தேன்.

என்ன பேசுவதென்று தெரியவில்லை. வழக்கம்போல ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணினேன்.

"ஏன் தம்பி எண்ணிக்கிட்டே இருக்கிய? வேற பேச ஒண்ணும் இல்லையா?"

"அருவிச் சத்தம் கேக்குதாக்கா?"

"அருவியா? ஒரு சத்தமும் இல்லையே. யாருமில்லாத வீட்டுல ஒத்தையில நின்னு பேசுத மாதிரில்லா இருக்கு."

சீசன் கூட்டம் ஈரத்துண்டோடு என்னை இடித்துக்கொண்டு போனது.

செட்டிங் பாஸ். கம்பெனிக்கும் அனுப்பியாயிற்று.

அடுத்த டெஸ்டுக்கு மறுமுனையில் ஆள் தேவை. விருப்பமுள்ளவர்கள் கமெண்டில் கை தூக்குங்கள். இந்த முறை எண்ண மாட்டேன்.